ஏழு மங்கள வார்த்தை

1976 டிசம்பரோடு இசையில் மனிதக் குரலுக்கு இருந்த வேலை முடிந்துவிட்டது. முடித்துவைத்தவன் நான். பெருமைக்காகச் சொல்லவில்லை, தகவலுக்காகச் சொல்கிறேன். தொண்டை என்பது விழுங்குவதற்கும் இருமுவதற்கும் ஏற்பட்ட உறுப்பு. அதை இசைக்குப் பயன்படுத்தியது மனிதகுலம் நெடுநாளாகச் செய்துவந்த தவறு. அந்தத் தவறு தூத்துக்குடி திரேஸ்புரத்தில், ஒரு ரேடியோ ரிப்பேர்க் கடையின் பின்னறையில் திருத்தப்பட்டுவிட்டது. இவ்வளவையும் எங்கள் கல்லூரி ஆண்டுமலருக்குக் கட்டுரையாக எழுதிக் கொடுத்தேன். அவர்கள் அதை நகைச்சுவைப் பகுதியில் போட்டார்கள்.

கடை சுந்தர்சிங்குடையது. என்னைவிட நாலு வயது பெரியவன். ரேடியோவின் முதுகைத் திறந்து மோந்து பார்த்தே எந்தப் பாகம் கருகியிருக்கிறது என்று சொல்லிவிடுவான். நான் வளன், பி.எஸ்சி. இயற்பியல் கடைசி வருடம். இரண்டு பேரும் சேர்ந்து ஒரு எல்.பி. இசைத்தட்டுக்கு ஆறு உருப்படிகள் தயாரித்துக்கொண்டிருந்தோம். அதில் பாட்டு கிடையாது, ஆர்மோனியம் கிடையாது, தபேலா கிடையாது. மின்சாரம் மட்டும்தான். ஆறும் முடிந்ததும் நாடாவை மதராஸுக்கு அனுப்பித் தட்டாக அடிப்பது என்று திட்டம்.

கல்லூரி ஆய்வகத்திலிருந்து, மின்சாரத்தால் சுருதி எழுப்பும் ஆசிலேட்டர் ஒன்றைக் கொண்டுவந்திருந்தேன். அளவு சரிபார்க்க எடுத்துப் போவதாக நோட்டில் கையெழுத்துப் போட்டிருந்தேன். அதன் அளவு அதற்கு முன்பும் சரியாகத்தான் இருந்தது. அதன் வயர் இரண்டை ஒரு டம்ளர் உப்புத் தண்ணீருக்குள் விடுவோம். கம்பி உள்ளே இறங்க இறங்கச் சுருதி ஏறும். இன்னும் ஒரு பிடி உப்பைப் போட்டால் அலறும். ஆறுமுகநேரி உப்புக்குத்தான் நாதம் அதிகம் என்று சுந்தர்சிங் சொல்லுவான். அவன் சொந்தக்காரர்களுக்கு அங்கே உப்பளம் இருந்தது. அவன் ஆராய்ச்சியில் அது ஒன்றுதான் எனக்குச் சந்தேகம்.

ஒலியைப் பழைய ஸ்பூல் ரெக்கார்டர் ஒன்றில் பதிந்து, நாடாவை சவரபிளேடால் வெட்டி ஒட்டினோம். ஒரு நிமிட இசைக்கு ஒரு வாரம் ஆனது. பாதி நேரம் இசையைச் சேர்ப்பதில் போகவில்லை. குரல்களை வெட்டி எறிவதில் போனது. மைக்குக்குக் குரல் என்றால் உயிர். மீன்காரியின் கூவல், கோயில் மணிக்குப் பிறகு வரும் இருமல் எல்லாம் உள்ளே புகுந்துவிடும். மோசமான ஆள் மரியான்தான். கடைக்கும் எங்கள் வீட்டுக்கும் ஒரே சுவர். கடலிலிருந்து வரும்போது தெருமுனையிலேயே, "ஏளா ஆக்னஸ், கஞ்சியா சோறா?" என்று கேட்டுக்கொண்டுதான் வருவார். ஐந்து உருப்படிகளில் பதினோரு இடங்களில் அந்தக் கேள்வி விழுந்திருந்தது. பதினொன்றையும் நானே வெட்டினேன். ஓர் இடத்தில் 'சோறா' மட்டும் தனியாக நின்றது. அதையும் விடவில்லை.

ஆக்னஸ் என் அக்கா. மரியான் அவள் புருஷன், சங்கு குளிக்கிறவர். அப்பா அம்மா போன பிறகு நான் அவர்கள் வீட்டில்தான் இருந்தேன். எட்டுப் பாகம், கிட்டத்தட்ட ஐம்பது அடி ஆழத்தில் அவர் மூச்சடக்கி எடுத்துவந்த சங்கில்தான் நான் இயற்பியல் படித்தேன்.

ஐந்து உருப்படிகளையும் வீட்டுக்குக் கொண்டுபோய்ப் போட்டுக் காட்டியபோது ஆக்னஸ், "மின்விசிறி ரிப்பேராலே?" என்று கேட்டாள். மரியான் மட்டும் ஈரக் கைலியோடு தரையில் உட்கார்ந்து கடைசிவரை கேட்டார். இசைத்தட்டுக்கு அதுவரை கிடைத்த ஒரே ரசிகர்.

"ஏலே வளன், கீழ இப்படித்தாம்லே இருக்கும்" என்றார். "அறுவது செகண்டுக்கு மேல போச்சின்னா காதுக்குள்ள இதே சத்தந்தான். அப்புறம் அது இறங்கிக்கிட்டே போவும். இறங்க இறங்க ஒரு சொகம் பாத்துக்க. இன்னும் கொஞ்சம் இருந்துட்டுப் போவோம்னு தோணும். அப்பதான் மேல வந்திரணும்."

"அதைத்தான் மச்சான் ஆறாவதா போடப் போறேன்" என்றேன். அந்த நிமிடம்வரை ஆறாவதாக எதைப் போடுவது என்று எனக்குத் தெரியாது.

எங்கள் கரையில் ஒரு வழக்கம் உண்டு. குளிக்கிறவர் இடுப்பில் கட்டிய கயிற்றின் மறுமுனை, வள்ளத்தில் அவருடைய மச்சான் கையில் இருக்க வேண்டும். மனைவியின் கூடப்பிறந்தவன். சொந்தத் தம்பி கையில்கூடக் கொடுக்க மாட்டார்கள். மச்சான் இழுக்கத் தாமதித்தால் தாலி இழப்பவள் அவனுடைய அக்காவோ தங்கையோ. உலகத்தில் எந்த இன்சூரன்ஸ் கம்பெனிக்கும் இந்த யோசனை வந்ததில்லை. குளிக்கிறவர் கீழேயிருந்து கயிற்றை ஆட்டினால் உடனே இழுக்க வேண்டும். ஆட்டாமலே இருந்தால், கணக்கு முடிந்ததும் இழுத்துவிட வேண்டும். ஆட்ட முடியாத நிலையிலும் ஆள் இருக்கலாம் அல்லவா, அதற்காகத்தான் கணக்கு.

அந்தக் கணக்கில்தான் எனக்குத் தகராறு. எங்கள் வள்ளத்தில் இன்னொரு கயிறு சிலுவை மாமாவுடையது. கொஞ்சம் தொந்தி, நிறைய மூக்குப்பொடி. அவர் தங்கை புருஷன் பவுலும் குளிக்கிறவன். நான் கல்லூரிக்குப் போகும் நாட்களில் பவுலும் மரியானும் மாறிமாறி இறங்க, வேறு வழியில்லாமல் இரண்டு பேருக்கும் சிலுவை மாமாதான் கயிறு. அவர் கடிகாரம் பார்க்க மாட்டார். மாதாவை நோக்கிச் சொல்லும் மங்கள வார்த்தை ஜெபத்தை ஏழு தடவை சொல்லுவார். ஏழாவது முடிந்ததும் இழுப்பார்.

ஆய்வகத்து ஸ்டாப்வாட்ச்சைக் கொண்டுபோய் அவருக்குத் தெரியாமல் நான்கு சனிக்கிழமை அளந்தேன்.

"மாமா, போன வாரம் உங்க ஏழும் அறுவத்தெட்டு செகண்டு. இன்னைக்கு அம்பத்திரெண்டுல முடிஞ்சிட்டு. மாதா ஒண்ணுதான, நேரம் ஏன் மாறுது?"

"இன்னைக்குத் தண்ணி கலங்கலா கெடக்குல்லா."

"தண்ணி கலங்குனா ஜெபம் ஓடுமாக்கும்?"

"எனக்கு ஓடும்."

மங்கள வார்த்தையைக் கால அளவையாக ஏற்றுக்கொள்ளும்படி பாரிஸில் உள்ள அளவைகள் நிலையத்துக்கு மனுப் போட வேண்டும் என்று அதே ஆண்டுமலருக்கு இன்னொரு கட்டுரை எழுதினேன். பத்து நொடி கொண்ட அமைதியான மங்கள வார்த்தை, ஏழு நொடி கொண்ட பயந்த மங்கள வார்த்தை, பெண்டாட்டியோடு சண்டை போட்ட மறுநாள் வரும் ஆறு நொடி மங்கள வார்த்தை என்று அட்டவணை போட்டிருந்தேன். மரியான் படிக்கச் சொல்லிக் கேட்டு வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். சிலுவை மாமாவும் சிரித்தார். சிரித்துவிட்டு, "கரைல சிரிங்கலே. கயிறு கைல இருக்கும்போது சிரிக்கக் கூடாது" என்றார்.

மரியானுக்கும் அவர்மேல் குறை இருந்தது. சங்கில் கை வைக்கிற நேரம் பார்த்து இழுத்துவிடுவார். சீக்கிரம் இழுக்கப்பட்ட எல்லோரும் கீழே வலம்புரியைப் பார்த்திருப்பார்கள். லட்சத்தில் ஒன்று வலப்பக்கம் சுழித்திருக்கும் அந்தச் சங்கு, திரேஸ்புரத்துக் கணக்குப்படி ஒரு நாளைக்கு நாலு தடவை தென்பட்டு, சிலுவை மாமாவால் மட்டும் தப்பித்துக்கொண்டிருந்தது.

அப்படித்தான் ஆறாவது உருப்படி பிறந்தது. பெயர் 'எழுபது'. நொடிக்கு ஒரு பீப், எழுபது பீப், அடியில் ஒரு நீண்ட முழக்கம். சுந்தர்சிங் ஸ்டாப்வாட்ச் வைத்துச் சரிபார்த்தான்; எழுபதுக்கு எழுபது. அதைக் கப்பல்காரர் ஒருவர் விட்டுப்போன ஜப்பான் கேசட் ரெக்கார்டருக்கு மாற்றினோம். அதை வள்ளத்துக்கே கொண்டுபோய், ஒரு மனிதன் உண்மையிலேயே மூச்சடக்கி இருக்கும் எழுபது நொடியில் போட்டுக் கேட்டுப் பார்த்துத்தான் முடிவை அமைப்பது என்று சொன்னேன்.

"அப்போ என் உசிரை உன் பெட்டி எண்ணப் போவுது" என்றார் மரியான்.

"பெட்டிக்குப் பயம் கெடையாது மச்சான். ஓடவும் ஓடாது."

"நல்லதுலே. இனிமே ஒரு வலம்புரியும் தப்பாது."

பிப்ரவரி மாதம், ஒரு சனிக்கிழமை. காற்று இல்லை, தண்ணீர் தெளிந்து கிடந்தது. பெட்டியைப் பாலிதீன் பையில் போட்டுப் பலகைமேல் வைத்திருந்தேன். ஆழத்துக்கு இழுத்துப்போகும் கல்லில் மரியான் கால் வைத்து மூச்சை இழுத்துப் போகும்போது பொத்தானை அழுத்துவேன். எழுபதாவது பீப்பில் இழுப்பேன். அவர் மேலே வந்ததும் கேசட்டைப் பின்னோக்கிச் சுற்றி வைப்பேன். வள்ளத்தின் அந்தப் பக்கம் சிலுவை மாமா பவுலுக்காக முணுமுணுத்துக்கொண்டிருந்தார். எங்கள் பக்கம் விஞ்ஞானம்.

முதல் பத்து முக்குளிப்பில் மரியான் அள்ளிக்கொண்டு வந்தார். இதற்கு முன் அறுபதை ஒட்டி அவரே கயிற்றை ஆட்டுவார். அன்றைக்கு ஆட்டவில்லை. எழுபதில் இழுக்கப்படுவோம் என்று தெரிந்ததால் கடைசி நொடிவரை தரையைத் தடவினார். அவர் செய்துவந்த வேலை ஒன்றைப் பெட்டி எடுத்துக்கொண்டது. இதை நான் ஒரு வெற்றியாகக் கவனித்தேன்.

கேசட்டைப் பின்னோக்கிச் சுற்றுவதற்கும் பேட்டரி செலவாகும் என்பதை மட்டும் நான் கணக்கில் சேர்க்கவில்லை.

பதினேழாவது தடவை மேலே வந்தவர் வள்ளத்தின் விளிம்பைப் பிடித்துக்கொண்டு மூச்சு வாங்கினார்.

"இது கொஞ்சம் நீளமாலே?"

"பெட்டி பொய் சொல்லாது மச்சான். ஒங்களுக்கு வயசாவுது."

"ஆமா, முப்பத்திரெண்டு வயசுக் கெழவன்" என்று சிரித்தார். "இன்னும் ஒரு தடவை போயிட்டுக் கரைக்குப் போவோம். ஒங்க அக்கா புளிக்குழம்பு வைக்கேன்னுருக்கா."

போனார். பொத்தானை அழுத்தினேன்.

பீப் ஒலியை நொடிக்கு ஆயிரம் சைக்கிள் சுருதியில் பதிந்திருந்தோம். இப்போது அது எழுநூறுக்குப் பக்கத்தில் இருந்தது. என் காது இந்த விஷயத்தில் தவறாது. அந்தக் காதை நம்பித்தான் இசைத்தட்டே போடப் புறப்பட்டிருந்தேன். இரண்டு பீப்புக்கும் நடுவில் ஓர் அலை வந்து வள்ளத்தில் தட்டிவிட்டுப் போக நேரம் இருந்தது. அடியில் இருந்த முழக்கம் பெரிய மிருகம் ஒன்று படுக்கப் போவதுபோல இறங்கிக்கொண்டே போனது. மரியான் சொன்னது ஞாபகம் வந்தது. இறங்க இறங்க ஒரு சுகம். உருப்படிக்கு முடிவு கிடைத்துவிட்டது என்று நினைத்தேன். பேட்டரி தீரத் தீர இதே மாதிரி ஒருதடவை பதிய வேண்டும், சுந்தர்சிங்கிடம் சொல்ல வேண்டும் என்று நினைத்தேன். பேட்டரி தீர்கிறது என்ற அதே வார்த்தைகளில்தான் நினைத்தேன். நன்றாகக் கேட்பதற்காகப் பெட்டியின் பக்கம் குனிந்தேன்.

பவுல் ஏற்கெனவே மேலே வந்து விளிம்பைப் பிடித்துக்கொண்டிருந்தான். சிலுவை மாமா சும்மா இருக்கவில்லை போலிருக்கிறது; மரியானுக்கும் சேர்த்து ஜெபம் சொல்லி எண்ணிக்கொண்டிருந்திருக்கிறார்.

"ஏலே, நான் ஒம்பது முடிச்சிட்டேன். ஒன் ஆளு எங்க?"

நான் உதட்டில் விரலை வைத்தேன். ஐம்பத்தாறு. ஐம்பத்தேழு.

அவர் என்னைப் பார்த்தார், பெட்டியைப் பார்த்தார். படித்தவன் பெட்டி என்று ஒரு கணம் தயங்கியிருக்க வேண்டும். அறுபத்தொன்றில் என்னைத் தள்ளிவிட்டுக் கயிற்றில் பாய்ந்தார். நானும் பிடித்தேன். கயிற்றின் மறுமுனையில் யாரும் ஒத்துழைக்காதபோது எட்டுப் பாகம் எவ்வளவு தூரம் என்று அப்போதுதான் தெரிந்தது. அவர் கைகளில் கயிறு ஓடி ஓடித் தோலை உரித்துக்கொண்டு போனது. பின்னால் பெட்டி அறுபத்தெட்டு, அறுபத்தொன்பது என்று போய்க்கொண்டிருந்தது. எழுபதாவது பீப் வந்தபோது மரியானின் தலை தண்ணீருக்கு மேலே வந்தது. பெட்டியின் கணக்குப்படி அவர் சரியான நேரத்துக்கு வந்துவிட்டார்.

கவிழ்த்துப் போட்டு முதுகை அமுக்கினோம். வழி முழுக்கப் பவுல் அமுக்கினான். மூச்சு வந்தது, ஆள் வரவில்லை. ஆஸ்பத்திரியில் மூன்று நாள் கண் திறக்காமல் கிடந்து, செவ்வாய்க்கிழமை மதியம் அந்த மூச்சும் போய்விட்டது.

கரையில் கூட்டம் கூடியபோது எல்லோரும் கேட்டது ஒரே கேள்வி. மச்சான் கையில் கயிறு இருந்தும் எப்படி. நான் வாயைத் திறப்பதற்குள் சிலுவை மாமா சொன்னார்: "கயிறு பார்ல சிக்கிட்டு. இவனும் நானும் சேந்து இழுத்தும் வரலை." கடலடிப் பாறையில் கயிறு சிக்குவது நடக்கிற விஷயம்தான். உரிந்த உள்ளங்கை இரண்டையும் எல்லோருக்கும் காட்டினார். அவர் எதையும் இவ்வளவு நிதானமாகச் சொல்லி நான் கேட்டதில்லை. அமைதியான மங்கள வார்த்தைகூட இதைவிட வேகம்.

என் கையை யாரும் கேட்கவில்லை. என் கைக்கு ஒன்றும் ஆகியிருக்கவில்லை.

அடக்கம் முடிந்த மறுவாரம் சுந்தர்சிங் பெட்டியைப் பிரித்துப் பார்த்தான்.

"மோட்டார்ல ஒண்ணும் இல்லடே. பேட்டரிக் கட்டைதான் செத்துருக்கு." கட்டைகளைப் பலகையில் வரிசையாக நிறுத்தினான். பிறகு என்னைப் பார்க்காமல் கேட்டான்: "ஓட்டம் கொறஞ்சா சுருதி இறங்கிருக்குமே. ஒனக்குக் கேட்டிருக்குமே?"

"கேக்கலை" என்றேன்.

அவன் தலையாட்டினான். நாங்கள் ஒரு கால் சுருதி வித்தியாசத்துக்காக மூன்று நாள் சண்டை போட்டவர்கள். அதற்குப் பிறகு அவன் இசைத்தட்டைப் பற்றிப் பேசவில்லை. ஆசிலேட்டரை நான் ஆய்வகத்தில் திருப்பிக் கொடுத்தேன். அளவு சரியாக இருக்கிறது என்று நோட்டில் எழுதினேன்.

முப்பதாம் நாள் பூசை அன்று ஆக்னஸ் கடைக்கு வந்தாள். அதற்கு முன் அவள் அந்தப் பின்னறைக்குள் வந்ததில்லை. ஸ்பூல்களைப் பார்த்துக்கொண்டே நின்றாள்.

"ஏலே தம்பி, நீ பிடிச்சிட்டே இருப்பியே. இதுல எங்கயாவது அவுக சத்தம் இருக்கா? ஒரு வார்த்தை போதும்லே."

"தேடிப் பாக்கேன்கா" என்றேன்.

தேட ஒன்றுமில்லை. நான் சுத்தமாக வேலை செய்கிறவன். ஆனாலும் அவள் போன பிறகு ஐந்து உருப்படிகளையும் முதலிலிருந்து கடைசிவரை ஓடவிட்டேன். மேசைக்கு அடியில், தகர டப்பாவுக்குப் பின்னால், விளக்குமாறு எட்டாத மூலையில் ஏதாவது துண்டு நாடா கிடக்கிறதா என்று மண்டியிட்டுப் பார்த்தேன். விரல் நீளத்தில் ஒன்று கிடைத்தது. ஒட்டி ஓட்டினேன். கோயில் மணி.

"இல்லக்கா" என்று வீட்டுக்குப் போய்ச் சொன்னேன். அவள் உலையில் அரிசியைப் போட்டாள்.

ஏப்ரலில் பரீட்சைக்குப் போகவில்லை. சிலுவை மாமாவின் உள்ளங்கை உப்புத் தண்ணீரில் சீழ் பிடித்து, ஆறாமல் துணிக்கட்டோடு இருந்தது. சீசன் முடிய ஒரு மாதம் இருந்தது. ஒருநாள் காலை வாசலில் வந்து நின்றார்.

"பவுலுக்குக் கயிறு பிடிக்க ஆள் இல்லை. வாலே."

"நானா மாமா?"

"நாந்தான் பிடிக்கணும். முடியலை. வேற யாரைக் கூப்பிடுவேன்?" திரும்பி நடந்தவர் நின்றார். "பெட்டி வேண்டாம்."

ஆக்னஸ் உள்ளேயிருந்து கேட்டுக்கொண்டிருந்தாள். தூக்குவாளியில் கஞ்சியை ஊற்றி என் கையில் கொடுத்தாள்.

தண்ணீர் அன்றைக்கும் தெளிவாகத்தான் இருந்தது. பவுல் கல்லில் கால் வைத்து, என் இடுப்பையும் கையையும் ஒருதடவை பார்த்தான். "பெட்டி இல்லல்லா?" என்றான். இல்லை என்று கையை விரித்துக் காட்டினேன். மூச்சை இழுத்துக்கொண்டு போனான்.

கயிறு விரல்களுக்கு நடுவே ஓடி, நின்றது. ஒன்று, இரண்டு என்று மனதுக்குள் எண்ண ஆரம்பித்தேன். பன்னிரண்டு வரை எண்ணினேன் என்று நினைக்கிறேன். பதின்மூன்றா பதினான்கா என்று தெரியவில்லை. கீழே பச்சைத் தண்ணீர்தான் தெரிந்தது. பிறகு என் உதடு அசைவது தெரிந்தது. இரண்டாவது மங்கள வார்த்தை பாதியில் இருந்தது. முதலாவதை எப்போது ஆரம்பித்தேன் என்று தெரியவில்லை. மூன்றாவதுவரை ஒழுங்காக வந்தது. நாலாவது ஓட ஆரம்பித்தது. ஐந்தாவதில் வார்த்தைகள் ஒன்றன்மேல் ஒன்று விழுந்தன. ஏழாவதில் பாதி வார்த்தையை முழுங்கிவிட்டு இழுத்தேன்.

பவுல் மேலே வந்து தண்ணீரைத் துப்பினான்.

"என்னலே, அதுக்குள்ள இழுத்துட்ட? வலம்புரிலே. கைக்கு ஒரு சாண் தூரம்."

சிலுவை மாமா கட்டுப்போட்ட கைகளை மடியில் வைத்துக்கொண்டு, அந்தப் பக்கம் பார்த்து உட்கார்ந்திருந்தார். திரும்பவில்லை.

நான் கயிற்றை வளையமாகச் சுருட்டிக் காலடியில் போட்டேன். பவுல் மறுபடி மூச்சை இழுத்தான். அவன் தலை தண்ணீருக்குள் போவதற்குள் நான் முதலாவதை ஆரம்பித்துவிட்டிருந்தேன்.